வடக்கு எந்தப் பக்கம்

முயல் ஆண்டு, எட்டாம் மாதம்
மஞ்சள் நதி வளைவு

தம்பி இனாலுக்கு, அக்கா கூமுஷ் சொல்லச் சொல்ல, சோக்திய நாட்டு வியாபாரி வந்தக் எழுதுவது.

நீலவானத்தின் காவலில் இங்கே நாங்கள் சுகம், மந்தையும் சுகம். உன் உடம்பு எப்படி? தலைநகரத்துத் தண்ணீர் இப்போதாவது உனக்கு ஒத்துக்கொள்கிறதா? உன்னைச் சீனர்கள் பிணையாகக் கூட்டிப்போனபோது உனக்குப் பால்பல் விழுந்துகொண்டிருந்தது. இன்னும் அந்த ஓட்டைப் பல்லோடுதான் நீ என் கண்ணுக்குத் தெரிகிறாய். "மெதுவா சொல்லு தாயே, என் கை என்ன குதிரையா?" என்று வந்தக் திட்டுகிறார். அதையும் எழுதச் சொன்னேன்.

இந்தக் கோடையிலும் சீன ஆளுநரின் ஆட்கள் வந்தார்கள். போருக்குக் குதிரை வேண்டும், ஆள் வேண்டும் என்றார்கள். கிழக்கே ஏதோ கடலோரத்தில் சண்டையாம். போனமுறை போனவர்களில் திரும்பி வந்தவர்களை ஒரே கூடாரத்தில் உட்கார வைத்துவிடலாம். உன் அத்தானின் அண்ணன் வரவில்லை. அவர் குதிரை மட்டும் யாரோ ஒருவன் ஏறிவர வந்தது.

குலத்தலைவர் என்ற முறையில் உன் அத்தான் ஆளுநரைப் பார்க்கப் போனார். அவரை உள்ளே விடவில்லை. கையில் சேணத்தைக் கொடுத்து வெயிலில் நிற்கவைத்திருக்கிறார்கள். இது கூடப்போனவர்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். வீட்டுக்கு வந்தவருக்குப் புளித்த குதிரைப்பால் கொடுத்தேன். குடித்தார். மறுநாள் தாத்தா காலத்து முரசை எடுத்துப் புதுத்தோல் கட்டிக்கொண்டிருந்தார்.

"இப்ப எதுக்குங்க இது?"

"தோல் காஞ்சுபோச்சு. அதான்."

அவ்வளவுதான். இந்தக் கடிதம் எல்லைச் சாவடியில் படிக்கப்படும் என்று வந்தக் சொல்கிறார். ஆகவே சாவடி அதிகாரிக்கும் என் வணக்கம். அவர் வீட்டிலும் எல்லோரும் சுகமாக இருக்கட்டும்.

உன் அக்கா.


முயல் ஆண்டு, பத்தாம் மாதம்
சாங்கான் தலைநகரம்

அன்புள்ள அக்காவின் காலைத் தொட்டு இனால் எழுதுவது.

நான் சுகம். வயிறும் சுகம். எள் தூவிய ரொட்டி தின்று கொழுத்திருக்கிறேன். அரண்மனை வடக்கு வாசலில் ஈட்டியோடு நிற்பதுதான் இன்னமும் என் வேலை. யாரும் அசையக்கூடாது, தும்மக்கூடாது. பக்கத்தில் நிற்கும் சீனன் நல்லவன், ஆனால் வாய் அடங்காது. "உங்க ஆளுங்க ஆட்டுக்கூட எல்லாம் பேசுவாங்களாமே?" என்று கேட்டான். "ஆமா, பேசுவோம். கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லும், உன்னைமாதிரி தொணதொணக்காது" என்றேன். சிரித்ததற்கு இரண்டு பேருக்கும் தண்டனை கிடைத்தது.

முரசுக்குத் தோல் கட்டிய சேதி படித்தேன். அத்தானிடம் சொல்: புதுத்தோல் நன்றாகக் காயட்டும், அவசரமில்லை. கட்டினதுமே அடித்தால் கிழிந்துவிடும். இங்கே அரசரின் லாயம் ஒன்று இருக்கிறது. ஒரு முனையில் நின்றால் மறுமுனை தெரியாது. அப்படி எத்தனை லாயம் என்று இங்கே பிறந்தவனுக்கே தெரியாது. இதையும் அவரிடம் சொல். நான் சொல்லத் தெரிந்தவன் இல்லை. உன் வாயால் சொன்னால் கேட்பார்.

உனக்கு ஒரு துண்டு பட்டு அனுப்பியிருக்கிறேன். பத்திரமாக வைக்காதே, உடுத்திக்கொள்.

தம்பி இனால்.


முயல் ஆண்டு, கடைசி மாதம்

தம்பிக்கு, அக்கா. சுகம். இனிச் சாவடி அதிகாரிக்கு வணக்கம் எழுத வேண்டியதில்லை. அந்தச் சாவடி இப்போது இல்லை.

உன் கடிதம் வருவதற்குள் முரசு அடித்தாகிவிட்டது. எல்லாக் குலங்களும் வந்தன. ஐம்பது வருடமாகச் சீன அரசருக்குக் குதிரையும் பிள்ளையும் கொடுத்து ஓய்ந்தவர்கள், ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டு அழுதார்கள். உன் அத்தானை வெள்ளைக் கம்பளத்தில் உட்காரவைத்துத் தூக்கினார்கள். சூரியன் போகும் திசையில் ஒன்பது சுற்று. இனி அவர் சுங்கூர் ககான், எல்லாக் குலங்களுக்கும் அரசர். நம் அப்பா இதைப் பார்க்க இல்லை.

பிறகு வழக்கப்படி கழுத்தில் பட்டுத்துணியைச் சுற்றி, மூச்சு முட்டும்வரை இறுக்கிக் கேட்டார்கள்: "எத்தனை வருஷம் ஆளுவே? சொல்லு!" முந்தின நாள்தான் வந்து சேர்ந்த, நீ அனுப்பிய பட்டுதான். வேறு பட்டு எங்களிடம் ஏது? முகம் கறுத்து, கண் பிதுங்கி, ஏதோ முனகினார். "இருபது!" என்று கத்தினார்கள். "இல்லப்பா, இரண்டுன்னு கேட்டுச்சு" என்றான் ஒருவன். அவனை அடிக்கப் போனார்கள். ஒரே சிரிப்பு. நான் பக்கத்தில்தான் நின்றேன். எனக்கு என்ன கேட்டது என்று யாரும் கேட்கவில்லை.

இனால், உன் நினைப்புதான் எனக்கு. எங்களால் உனக்கு ஏதாவது ஆகிவிட்டதா? இதை வந்தக் ஒளித்து எடுத்துவருகிறார். உடனே பதில் எழுது.

அக்கா கூமுஷ்.


டிராகன் ஆண்டு, ஏழாம் மாதம்
சாங்கான்

அக்காவுக்கு,

தாமதத்துக்கு மன்னித்துவிடு. எனக்கு ஒன்றும் ஆகவில்லை, சுகம்.

வாசல் காவலிலிருந்து என்னை எடுத்துவிட்டார்கள். மொழிபெயர்க்கும் அலுவலகத்தில் போட்டிருக்கிறார்கள். உட்கார்ந்த வேலை, நிழல், தும்மலாம். பனிக்காலத்தில் ஒரு படியில் வழுக்கி விழுந்தேன். இடதுகால் கொஞ்சம் இழுக்கிறது. படிதான் காரணம், வேறொன்றும் இல்லை.

நீ அரசியானதில் எனக்குச் சந்தோஷம். அத்தானைக் கழுத்தை மூடிக்கொள்ளச் சொல். பட்டு அவருக்குப் பயன்பட்டது என்று அறிந்தேன்.

இனால்.


பாம்பு ஆண்டு, இரண்டாம் மாதம்
பாலைவனத்தின் ஓரம்

தம்பிக்கு. உயிரோடு இருக்கிறோம். மந்தையைப் பற்றிக் கேட்காதே.

நீ "படி" என்று எழுதியதை வந்தக் வாசித்தபோது உன் அத்தான் எழுந்து வெளியே போய்விட்டார். வெகுநேரம் வரவில்லை.

போன வருடம் இரண்டு முறை ஜெயித்தோம். அவர்களுடைய உணவு வண்டிகளைப் பிடித்தோம். இப்போது பனி முழங்காலுக்கு மேல். குதிரைகள் நின்றபடியே சாகின்றன. சென்ற மாதம் ஒரு தானிய வண்டி வரிசை வந்தது. காவலுக்கு வந்த கிழவர்கள் எங்களைக் கண்டதும் ஓடிவிட்டார்கள். பசித்தவர்கள் பாய்ந்து மூட்டையைப் பிரித்தார்கள். மூட்டைக்குப் பின்னால் வாளோடு ஆள். எல்லா வண்டியிலும். அன்று போனவர்களுக்காக அழக்கூட எங்களுக்குப் பொழுதில்லை, ஓடினோம். குலத்தலைவர்கள் இப்போது ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதில்லை. ஒருவன் எங்கள் கூடாரத்து வாசலிலேயே நின்று, "ககானே, உன் இருபது வருஷம் சீக்கிரமா முடிஞ்சுடுச்சு போல" என்றான். உன் அத்தான் அவனுக்குத் தன் பங்குக் கறியைக் கொடுத்தனுப்பினார்.

நான் முழுகாமல் இருக்கிறேன். இத்தனை வருடம் கழித்து, இந்த நேரத்தில். உன் அத்தான் சிரிக்கிற ஒரே விஷயம் அதுதான். ஆணோ பெண்ணோ, 'தெமிர்' என்றுதான் பெயர், இரும்பு மாதிரி இருக்கணும் என்கிறார். நான் ஒத்துக்கொள்ளவில்லை.

சீனத் தளபதியிடமிருந்து ஆள் வந்திருந்தான். கையைக் கட்டிக்கொண்டு வந்து சரணடைந்தால் ககானின் உயிருக்கும் தலைவர்களின் உயிருக்கும் தான் பொறுப்பு, மக்களுக்குப் பழைய மேய்ச்சல் நிலம் திரும்பக் கிடைக்கும் என்கிறார். தலைவர்கள் மூன்று விதமாகப் பேசினார்கள். உன் அத்தான் கடைசியில் என்னிடம் கேட்டார்: "உன் தம்பி அங்கேயே வளர்ந்தவன். அந்தாளு வாக்கு எப்படிப்பட்டதுன்னு அவனுக்குத் தெரியும். அவன் என்ன சொல்றான்?"

என்ன சொல்கிறாய், இனால்?

அக்கா.


பாம்பு ஆண்டு, நான்காம் மாதம்
சாங்கான்

அக்காவுக்கும் அத்தானுக்கும் இனால் வணங்கி எழுதுவது.

உங்கள் கடிதம் கிடைப்பதற்கு முன்பே போர்முனையிலிருந்து வந்திருந்த தளபதி என்னைத் தன் வீட்டுக்கு அழைத்தார். எதிரே உட்காரவைத்தார். எனக்குத் தன் கையால் மது ஊற்றினார். இந்த ஊரில் யாரும் எனக்கு அப்படிச் செய்ததில்லை. "உன் அத்தான் வீரன். வீரனைக் கொன்னா அடுத்தவன் எவனும் சரணடைய மாட்டான். எனக்கு அது தெரியாதா?" என்றார். முன்னோர் பெயர் எழுதிய பலகைக்கு முன்னால் நின்று சத்தியம் செய்தார். பொய் சொல்லும் மனிதரைப் பல வருடம் வாசலில் நின்று பார்த்தவன் நான். இவர் பொய் சொல்லவில்லை.

பிள்ளை பிறக்கப்போகிறது. பனியில் பிறக்கவேண்டாம்.

வரச்சொல், அக்கா. நான் சொல்கிறேன், வரச்சொல்.

இனால்.


பாம்பு ஆண்டு, ஏழாம் மாதம்
மஞ்சள் நதி வளைவு

தம்பிக்கு, அக்கா.

நான் சுகம். வயிறு பெரிதாகிவிட்டது, கால் வீங்குகிறது. பிள்ளை காக்கும் உமாய்த் தாய் துணையிருக்கிறாள். ஆற்றங்கரையில் எங்களுக்கு இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். சுற்றிலும் காவல்.

உன் அத்தான் போய்விட்டார். உன் கடிதத்தை மூன்று முறை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். பிறகு, "சரி, கட்டு" என்று என்னிடம் கையை நீட்டினார். நான்தான் கட்டினேன். கயிறு உறுத்தக்கூடாதென்று உள்ளே ஆட்டுத்தோல் வைத்தேன். "இப்படிக் கட்டினா நானே அவுத்துடுவேன், சிரிப்பாங்க. இறுக்கிக் கட்டு" என்றார். தலைவர்களும் வரிசையாகக் கட்டிக்கொண்டு பின்னால் போனார்கள். அவருக்குக் கறி கறி என்றுதான் பேச்சு, ஆனால் கொழுப்பைத் தனியே எடுத்து வைத்துவிடுவார். சமைப்பவனிடம் சொல். பன்றி வேண்டாம். இருமல் வந்தால் சூடான ஆட்டுப்பால்.

அவரைப் பார்த்தாயா? எங்கே வைத்திருக்கிறார்கள்? ஜன்னல் இருக்கிறதா? மூடின அறையில் அவருக்குத் தூக்கம் வராது.

குளிர் தொடங்கும்போது பிள்ளை பிறந்துவிடும். பெயர் தகப்பன்தான் வைக்கவேண்டும். தெமிர் என்பதற்கு நான் ஒத்துக்கொள்கிறேன் என்று சொல். இல்லை, வேறு ஏதாவது மனதில் இருந்தால் அதையும் கேட்டு எழுது. ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவாக இருக்கட்டும்.

அக்கா கூமுஷ்.


பாம்பு ஆண்டு, பதினோராம் மாதம்
சாங்கான்

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே எல்லோரும் சுகம். அத்தானும் சுகம்.

நகரத்தின் மேற்கே ஒரு வீடு கொடுத்திருக்கிறார்கள். முற்றத்தில் ஒரு மாதுளை மரம் இருக்கிறது. ஜன்னல் உண்டு. சமையல்காரனிடம் கொழுப்பைப் பற்றிச் சொன்னேன். இருமல் இல்லை. பகலில் மரத்தடியில் உட்கார்ந்து என்னிடம் குதிரைகளைப் பற்றிப் பேசுகிறார். உன்னை மிகவும் கேட்டார். அங்கே யாரும் பதற்றப்படவேண்டாம், எல்லோரும் அமைதியாக இருந்தால் விரைவில் நல்லது நடக்கும் என்று சொல்லச் சொன்னார்.

பிள்ளைக்குப் பெயர் எசென்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

இனால்.


குதிரை ஆண்டு, இரண்டாம் மாதம்
மஞ்சள் நதி வளைவு

தம்பிக்கு, அக்கா.

பெண் குழந்தை. சுகப்பிரசவம். தலைநிறைய முடி. எசென் என்றே பெயர் வைத்துவிட்டோம். "நலம்னு ஒரு பேரா? எதிர்ல வந்தா பேரைச் சொல்றோமா, சுகம் விசாரிக்கிறோமான்னே தெரியாதே" என்று பெண்கள் சிரித்தார்கள். அவள் யாரையும் லட்சியம் செய்யாமல் பால் குடிக்கிறாள்.

நானும் சுகம். முட்புதரில் விழுந்து முகத்தில் கொஞ்சம் காயம். ஆறிவிட்டது.

வந்தக் கையில் ஒரு ஜோடி கம்பளிக் காலணி அனுப்பியிருக்கிறேன். போட்டுப் பார்த்து அளவு சரியா என்று எழுது.

அவரிடம் நான் கேட்டதாகச் சொல்.

அக்கா.


குதிரை ஆண்டு, நான்காம் மாதம்
சாங்கான்

அக்காவுக்கு,

காலணி பொருத்தமாக இருக்கிறது. சூடாக இருக்கிறது.

இனால்.


குதிரை ஆண்டு, ஒன்பதாம் மாதம்
பாலைவனத்துக்கு வடக்கே

தம்பி இனாலுக்கு அக்கா சொல்ல, வந்தக் எழுதுவது. அவருக்கு இதை எழுதக் கை வரவில்லை. வற்புறுத்தித்தான் எழுதவைக்கிறேன்.

இனி ஆற்றங்கரையில் நாங்கள் இல்லை. நம்மில் வேறொருவர் கொஞ்சம் ஆட்களைச் சேர்த்துக்கொண்டு கிளம்பினார். ஒரே நாளில் கூடாரங்களைப் பிரித்து நாங்களும் கூடவே புறப்பட்டோம். அப்பா உன்னைக் குதிரையில் முன்னால் வைத்து ஒருமுறை பாலைவனம் தாண்டி முன்னோர்களின் மேய்ச்சல் நிலத்துக்குக் கூட்டிப்போனாரே, அதே வழிதான். எசென் வழியெல்லாம் தூங்கினாள். காவலில்லாத இடத்துக்கு வந்துவிட்டதால் இப்போது பேசலாம்.

எனக்குத் தெரியும், இனால்.

மாதுளை மரம் எழுதியிருந்தாயே, அந்தக் கடிதத்தை வந்தக் எனக்கு வாசித்துக்கொண்டிருந்தார். "அத்தானும் சுகம்" என்ற இடத்தில் நின்றுவிட்டார்.

"என்ன?" என்றேன்.

"எழுத்து சரியா தெரியல தாயே."

"உங்களுக்கா?"

அவர் அப்போதுதான் தலைநகரத்திலிருந்து வந்திருந்தார். வந்ததிலிருந்து என் முகத்தைப் பார்க்காமலே இருந்தார். "நீங்க அங்க இருந்தீங்களா?" என்று கேட்டேன். "சந்தையில என் கடை இருக்கு. எங்க போவேன்?" என்றார். பிறகு நான் சொன்னேன், "மீதியையும் படிங்க." படித்தார். ஜன்னல், கொழுப்பு, எல்லாவற்றையும் படித்தார்.

நான் முட்புதரில் விழவில்லை. செத்தவருக்காக நம் பெண்கள் செய்வதைத்தான் செய்தேன். கத்தியால் இரண்டு கன்னத்திலும். காவலர்கள் கேட்டபோது முட்புதர் என்றேன். உனக்குப் படி, எனக்குப் புதர். தெரிந்துவிட்டது என்று காட்டியிருந்தால் ஆற்றங்கரையில் இருந்த அத்தனை பெண்டு பிள்ளைகளையும் என்ன செய்திருப்பார்களோ. உன்னையும்தான். அது ஒரு காரணம். இன்னொன்றும் உண்டு. உன் கடிதத்தில் அவர் மரத்தடியில் உட்கார்ந்திருந்தார், சாப்பிட்டார். எனக்கும் அது கொஞ்சநாள் வேண்டியிருந்தது.

காலணி அவருக்குத் தைத்ததில்லை. இடதுகாலில் ஒரு மடிப்புக் கம்பளி கூடுதலாக வைத்திருந்தேன். போட்டதுமே உனக்குத் தெரிந்திருக்கும்.

பெயரும் நீ வைத்ததுதான் என்று தெரியும். அவர் இவ்வளவு மென்மையான பெயரை வைக்கமாட்டார். பரவாயில்லை. தாய்மாமன் வைத்த பெயர் என்று வளரட்டும்.

உன்மேல் எனக்கு வருத்தமில்லை. நீ வரச்சொன்னாய். அவர் கையை நான் கட்டினேன். இதில் யார் அதிகம் என்று நாம் எடைபோட வேண்டாம்.

ஒன்றே ஒன்று மட்டும் சொல். அவர் என்ன பேசினார்? ஏதாவது பேசியிருப்பார். வந்தக் தூரத்தில் நின்றாராம், காதில் விழவில்லையாம்.

அக்கா கூமுஷ்.


ஆடு ஆண்டு, முதல் மாதம்
சாங்கான்

என் அக்காவுக்கு,

உன் முகத்துக் காயம் இப்போது எப்படியிருக்கிறது? குளிரில் இழுக்குமே. கொழுப்புத் தடவு.

நீ கேட்டதைச் சொல்கிறேன்.

அத்தானை ஊருக்குள் கொண்டுவந்த பிறகு எங்கே வைத்தார்கள் என்று எனக்குத் தெரியாது. பார்க்க விடவில்லை. அரசவையில் ஒரு அமைச்சர், வாக்குக் கொடுத்தது தளபதிதானே, அரசர் இல்லையே என்று பேசினாராம். தளபதிக்கு வந்த புகழ் அந்த அமைச்சருக்குப் பிடிக்கவில்லை என்று ஊரே சொல்கிறது. தளபதி முழங்காலிட்டு மன்றாடினார். ஆனால் மரண ஓலை கையெழுத்தாகிவிட்டது. தளபதி தனக்கு உடம்பு சரியில்லை என்று வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார். இன்றுவரை திறக்கவில்லை.

நீ பெயர் கேட்டு எழுதிய கடிதம் எனக்குக் கிடைத்தது. மறுநாள் காலை என்னைச் சந்தைக்குக் கூப்பிட்டார்கள். சாகப்போகிறவர்களுக்குத் தீர்ப்பை அவர்கள் மொழியில் வாசித்துச் சொல்லவேண்டும், அதுதான் சட்டம் என்றார்கள். அலுவலகத்தில் அந்த மொழி தெரிந்தவன் நான் ஒருவன்.

எல்லோரும் வரிசையாக நின்றார்கள். அத்தான் முதலில். இளைத்திருந்தார், ஆனால் தலைமுடியைப் பின்னி நன்றாக முடிந்திருந்தார். நான் வாசித்தேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. முடித்ததும் தலையைச் சாய்த்து என்னைப் பார்த்தார்.

"ஏன்டா இனால், நம்ம பேச்சே மறந்துபோச்சா உனக்கு? நீ சொன்ன வார்த்தையை ஆடு அறுக்கத்தான் சொல்லுவோம். மனுஷனுக்கு வேற வார்த்தை இருக்கு."

"தெரியாது அத்தான். சின்ன வயசுல இங்க வந்துட்டேன். அந்த வார்த்தையை யாரும் சொல்லித்தரல."

"நல்லதாப் போச்சு. தெரியாமயே இருக்கட்டும்."

பின்னால் நின்ற தலைவர்களில் ஒருவர் சிரித்துவிட்டார். உங்கள் கூடாரத்து வாசலில் நின்று குத்திப் பேசினார் என்று எழுதினாயே, அவராகத்தான் இருக்கவேண்டும். அத்தானைக் கூப்பிட்டு, "என்னை மன்னிச்சிடு ககானே, நீ இரண்டுன்னுதான் சொன்னே, எனக்கு நல்லாக் கேட்டுச்சு" என்றார். "எனக்கே கேக்கல" என்றார் அத்தான்.

பிறகு என் காலைப் பார்த்தார். "இது என்னாலதானே?"

"படியில வழுக்கிட்டேன்."

"சரி. வழுக்கினேன்னே சொல்லு."

நான் மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தேன். அவர் விடவில்லை. "அவ எப்படியிருக்கா?" என்றார். கடிதம் வந்ததைச் சொன்னேன். கால் வீங்குகிறது என்று எழுதியதைச் சொன்னேன். பிள்ளைக்குப் பெயர் கேட்கிறாய், தெமிருக்குச் சம்மதம் என்கிறாய் என்றேன். அவர் தரையைப் பார்த்துக் கொஞ்சம் யோசித்தார்.

"வேண்டாம்டா. இரும்பெல்லாம் போதும். எசென்னு வைக்கச் சொல்லு. சுகமா இருந்தாப் போதும்."

அக்கா, அந்தக் கடிதத்தில் நான் எழுதியது எல்லாம் பொய். எழுதச் சொல்லி ஆணை வந்தது. ஆணை வராவிட்டாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன். மாதுளை மரம் நான் குடியிருக்கும் வீட்டில் இருப்பது. ஆனால் பெயர் நான் வைத்ததில்லை. அது ஒன்று அவருடையது. எசெனுக்குச் சொல்.

அதிகாரி அவசரப்படுத்தினான். சுற்றிலும் உயரமான சுவர், அன்று மேகம் வேறு, சூரியன் எங்கே என்று தெரியவில்லை. அத்தான் கேட்டார், "வடக்கு எந்தப் பக்கம்?"

கையை நீட்டிக் காட்டினேன். அந்தப் பக்கமாகத் திரும்பி நின்றுகொண்டார். மற்றவர்களும் ஒவ்வொருவராகத் திரும்பினார்கள்.

"என்ன கேட்டான்?" என்றான் அதிகாரி.

"தண்ணீர் கேட்டார்" என்றேன்.

அவ்வளவுதான் அவர் பேசியது. அதற்குப் பிறகு நடந்ததை வந்தக் பார்த்திருக்கிறார். நானும் பார்த்தேன். கண்ணை மூடவில்லை. நம் ஆள் ஒருவனாவது பார்க்கவேண்டுமே.

இனி என் சேதி. பனி உருகியதும் படை உங்களைத் தேடி வடக்கே கிளம்புகிறது. புதுத் தளபதி சென்ற வாரம் என்னைக் கூப்பிட்டார். பாலைவனத்தைக் கடக்க வழி தெரிந்தவன் வேண்டுமாம். பதவி தருகிறேன், குதிரை தருகிறேன் என்றார்.

"உங்க அப்பாகூட நீ அந்தப் பக்கம் போயிருக்கியாமே? வாசல்ல நின்னப்ப பெருமையா சொல்லியிருக்கே."

"குழந்தையா இருந்தேன் ஐயா. மறந்துபோச்சு."

"ஒண்ணுமேவா ஞாபகமில்ல?"

"ஒண்ணுமே இல்ல."

இரண்டாம் முறையும் கேட்டார்கள். வேறு விதமாகக் கேட்டார்கள். அப்போதும் மறந்துதான் போயிருந்தது. இப்போது தெற்கே, நாட்டின் கடைசிக் கடற்கரைக்கு என்னை அனுப்புகிறார்கள். அங்கே பனியே பெய்யாதாம், குதிரைகள் சூட்டில் செத்துவிடுமாம், காய்ச்சல் அதிகமாம். போனவர்கள் திரும்பியதாகத் தெரியவில்லை. வந்தக்கின் வழியும் அங்கே வராது. ஆகவே என் கடிதத்துக்குக் காத்திருக்காதே. எசெனுக்கு நடக்க வந்ததும் குதிரையில் ஏற்றிவிடு, தாமதிக்காதே.

அக்கா, எனக்கு எல்லாம் ஞாபகம் இருக்கிறது. அப்பாவின் மேலங்கி வாசனை, எங்கே இறங்கித் தண்ணீர் குடித்தோம், எந்த மேட்டில் ஏறியதும் புல்வெளி தெரிந்தது, எல்லாம். கண்ணை மூடினால் நடந்தே வந்துவிடுவேன், இந்தக் காலோடு. அதை இங்கே எழுதமாட்டேன். ஆனால் எனக்கு வழி தெரியும். நீ தெரிந்துகொள்.

உன் தம்பி,
இனால்.